வாசலை மறைக்காத குலம் அண்ணை

குலம் அண்ணை காலமான செய்தி எங்கள் நாடகக் குழுவின் வட்ஸ்அப்பில்தான் வந்தது. அவருடைய மகள் போட்டிருந்தா. கூடவே ஒரு படம்: பொலிஸ் உடுப்பில் விறைப்பாக நிற்கிறார். யாரோ ஒரு அன்ரி உடனே, "ஐயா லண்டன் பொலிஸிலை இருந்தவரோ?" என்று கேட்டிருந்தா. அழுதுகொண்டிருந்த நான் சிரித்துவிட்டேன். அவர் இருந்திருந்தால், "பாத்தீரே, ஆள் நம்பியிட்டுது" என்று மகிழ்ந்திருப்பார்.

அவர் நடிகர். அரை ஆயுளை லண்டன் தொலைக்காட்சி நாடகங்களில் கழித்தவர். மருந்துக் கடைக்காரர், இரண்டாவது டொக்டர், பஸ்ஸில் பக்கத்தில் இருப்பவர். பெரும்பாலும் பெயரில்லாத பாத்திரங்கள். மனைவி இறந்தபின் கனடாவுக்கு, ஸ்ரௌவ்வில்லில் மகள் வீட்டுக்கு வந்துசேர்ந்தார். கார் இல்லாமல் பால் வாங்கவும் போகமுடியாத இடம் அது. அவரை ஒத்திகைக்கு ஏற்றி இறக்குவது என் பொறுப்பாயிற்று.

ஒரு ஞாயிறு மத்தியானம் அவருடைய பழைய நாடகம் ஒன்றைப் போட்டுப் பார்த்தோம். தேத்தண்ணி ஊற்றி நிமிர்வதற்குள் அவர் வந்து போய்விட்டார். திரும்ப ஓட்டினோம். ஆஸ்பத்திரிக் கதவைத் திறக்கிறார், உள்ளே பார்க்கிறார், சுவரோடு ஒதுங்குகிறார். அந்தக் கதவால் கதாநாயகி அழுதபடி வெளியே வருகிறா. "அவ்வளவுதானோ அண்ணை?" என்று எங்கள் குழுவின் கதாநாயகன் கேட்டேவிட்டார். குலம் அண்ணை கோபிக்கவில்லை. "அவ வாறதுக்கு முதல் நான் வாசலை விடோணும். பிந்தினால் அவவின்ரை அழுகை என்ரை முதுகுக்குப் பின்னாலை போயிடும். அதுதான் தம்பி என்ரை வேலை."

ஒத்திகையில் கோபிப்பார். எங்கள் கதாநாயகன் வீடு விற்கும் முகவர், பஸ் தரிப்பிட வாங்குகளின் முதுகில் எல்லாம் விளம்பரப் படமாகச் சிரிப்பவர். மேடைக்கு வந்தால் நடுவை விட்டு அசையமாட்டார். "உதிலை நிக்காதையும், உது வரப்போற ஆளின்ரை இடம்" என்று குலம் அண்ணை கத்துவார். அந்தக் கத்தலுக்கே குழுவை விட்டுப் போனவர்கள் உண்டு. நல்ல மனிதர்தான், ஆனால் பொறுமைக்கும் அவருக்கும் வெகுதூரம்.

என் கலியாணம் பேசி முடிந்தபோது, யார் தாரை வார்ப்பது என்ற கேள்வி வந்தது. அப்பா போரின் கடைசி நாட்களில் காணாமல் போனவர். அம்மா இன்றுவரை பொட்டை அழிக்கவில்லை. பிக்கரிங்கில் இருக்கும் மாமாவும் மாமியும் தாங்கள் நின்று செய்வதாகச் சொன்னார்கள். அம்மா மறுத்துவிட்டா. மாமா அந்த இடத்தில் நின்றால் அப்பா இல்லை என்று ஊருக்குச் சொன்னதாகிவிடும் என்பது அவவின் பயம். பிறகு அவவாகவே ஒரு வழி கண்டுபிடித்தா. எங்கள் நாடகத்தில் எனக்குத் தகப்பனாக நடித்த குலம் அண்ணையைக் கூப்பிட்டுக் கேட்டா.

"நீங்கள் நிண்டால் அது நடிப்புத்தானே அண்ணை. முடிஞ்சாப் போலை இறங்கிப் போயிடுவியள்."

அவர் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தார். "மேடையிலை ஆருக்கும் தகப்பனா நிப்பன், தங்கச்சி. இது அவர் வரவேண்டிய வாசல். நான் மறைக்கமாட்டன்."

அம்மா முகம் கொடுக்காமல் எழுந்து குசினிக்குப் போய்விட்டா. எனக்கும் அவர்மேல் கோபம் வந்தது. ஆனால் அடுத்த நாளே அவர் தன் மகளைக் கூட்டிக்கொண்டு ஐயரிடம் போயிருக்கிறார். தாய் தனியே நின்று செய்ய முறையில்லை என்று ஐயர் இழுத்தாராம். "அவ விதவை இல்லை ஐயா. மனிசன் இன்னும் வந்து சேரேல்லை, அவ்வளவுதான்" என்றாராம் இவர். ஐயர் அம்மாவுக்குப் பக்கத்தில் அப்பா இருக்க இன்னொரு பலகையும் போடச் சொன்னார்.

அப்படியே நடந்தது. அம்மா தனியே என் கையைப் பிடித்துக் கொடுத்தா. பக்கத்துப் பலகை வெறுமையாக இருந்தது. மாப்பிள்ளை வீட்டார் குசுகுசுத்தார்கள். தாரை வார்க்கும் நேரம் பார்த்து, நல்ல கோணம் கிடைத்த சந்தோஷத்தில் வீடியோக்காரத் தம்பி அந்தப் பலகையில் ஏறிவிட்டான். கடைசி வரிசையில் இருந்த குலம் அண்ணை எப்போது எழுந்தார், எப்படி மணவறைக்கு வந்தார் என்று யாரும் பார்க்கவில்லை. "தம்பி, உதிலை நிக்காதையும்" என்ற குரல் மட்டும் கேட்டது. அன்று அவர் கத்தவில்லை.

போன கிழமை அவருடைய கிரியை முடிந்து வந்ததும், இத்தனை வருடமாகப் பார்க்க மறுத்த என் கலியாண வீடியோவைப் போடச் சொன்னா அம்மா. அந்த இடத்தில் படம் ஒருமுறை ஆடுகிறது. ஓரத்தில் சுருங்கிய ஒரு கை வீடியோக்காரனை நோக்கி நீண்டு மறைகிறது. பிறகு படம் பின்னுக்குப் போய் நிலைக்கிறது. அம்மா தெரிகிறா, நான் தெரிகிறேன், பக்கத்தில் அந்தப் பலகை முழுதாகத் தெரிகிறது.

"திருப்பிப் போடு பிள்ளை" என்றா அம்மா.

குலம் அண்ணை நடித்ததில் என்னிடம் இருப்பது அந்தக் கை மட்டும்தான். அம்மாவுக்கு அவர் விட்டுப்போனது அந்தப் பலகை. அப்பா வந்தால் இருக்க ஓர் இடம் இருக்கிறது.