சிவப்பு நூல் கட்டிய வாசல்கள்

பேக்கரிக்குப் பின்னால் மண்மூடிக் கிடந்த கால்வாயைத் திறக்க வைத்தாள். தெருக்கூட்டத்தில் பெண்கள் கைக்கும் மைக் வர வைத்தாள். மழை என்றதும் கட்டில்மேல் ஏறிவிடும் துணிமூட்டைகளைத் தரையிலேயே இருக்க வைத்தாள். பள்ளிக்கூட வாசலோடு திரும்பி வந்த தங்கைதான் இத்தனையும் செய்தாள். இதைத் துணி கொண்டுவருகிறவர்களிடம் ஒன்று விடாமல் சொல்லுவது பெரியவளுக்கு வழக்கம். சொல்லத் தொடங்கினால் சின்னவள் இஸ்திரிப்பெட்டியை ‘ணங்’கென்று வைப்பாள்.

அக்காவும் தங்கையுமாகத் தெருவின் பள்ளமான கோடியில் சலவைக்கடை நடத்தினார்கள். சின்னவளுக்கு எழுதத் தெரியாது. துணிகளில் நூல் கட்டி அடையாளம் வைப்பாள். அவசரத்துக்குச் சிவப்பு, மறுநாளைக்கு மஞ்சள், மெதுவாகப் போதுமென்றால் பச்சை.

அந்த வருடம் நகராட்சி அந்தத் தெருவுக்கு ஒரே ஒரு வடிகால் தந்தது. எங்கே வெட்டுவது என்று தெருக்காரர்களே கூடி முடிவு செய்ய வேண்டும்; இல்லையென்றால் வேலை அடுத்த தெருவுக்குப் போய்விடும். முதல் கூட்டம் சந்தைக்கடை ஆயிற்று. ஆளாளுக்கு, “என் வாசல்லதான் வெட்டணும்” என்றார்கள். சின்னவளும் விட்டுக்கொடுக்கவில்லை. போன மழையில் ஒரு கல்யாண வீட்டுத் துணி முழுக்கச் சேறாகியிருந்தது. இன்னொரு முறை அப்படி நடந்தால் கடையை மூட வேண்டியதுதான்.

“ஆளாளுக்கு வாயால அளந்தா எப்படிக்கா?” என்று வீட்டில் பொருமினாள். மறுநாள் நூல்கண்டுகளோடு வீடு வீடாக ஏறி இறங்கினாள்.

“மழை பிடிச்ச உடனே தண்ணி வந்துட்டா சிவப்பு. நல்லா கொட்டறப்ப வந்தா மஞ்சள். மழை விட்டப்புறம் வந்தா பச்சை. உங்க கேட்ல கட்டிடுங்க. பொய் சொன்னா உங்க துணியத்தான் கடைசில தேய்ப்பேன்!”

தெருச் சங்கத்தலைவர் மைக்கைப் பிடித்தால் விடமாட்டார். அதனால் அவருக்குப் பெயரே ‘மைக்’. “ஏம்மா, தெருவையே துணிக்கொடி ஆக்கிட்டியே!” என்று அவர் சிரித்தார். ஆனாலும் நூலை வாங்கிக்கொண்டார்.

மழை பெய்து ஓய்ந்தது. எல்லோரும் ஒன்றாக நடந்து பார்த்தார்கள். நகராட்சி இன்ஜினியரும் பேன்ட்டை மடித்துக்கொண்டு கூட வந்தார். நடுத்தெருவெல்லாம் மஞ்சள். சிவப்பு நூல்கள் மேட்டிலிருந்த பேக்கரியைச் சுற்றித்தான் இருந்தன. அங்கே தண்ணீர் நிற்பதில்லை, வந்ததும் ஓடிவிடும். அதனால் அங்கிருந்து ஒரு புகாரும் வந்ததில்லை.

பேக்கரிக்காரர் தலையைச் சொறிந்தார். “பின்னாடி ஒரு பழைய கால்வா இருந்துச்சு. மண்ணு மூடிருச்சு.”

“அது ஏரிக்குப் போற கால்வா ஆச்சே! அந்தப் பக்கம் பஸ் ஓட்டறப்ப மறுமுனைய பாத்திருக்கேன்” என்றார் ஓய்வுபெற்ற டிரைவர்.

“என் வரைபடத்துல இது இல்லவே இல்ல” என்று குறித்துக்கொண்டார் இன்ஜினியர். “அதத் திறந்தா தெருவுக்குள்ள வர்ற தண்ணி பாதியாவது குறையும்.”

எல்லோர் பார்வையும் சின்னவள் பக்கம் திரும்பியது. சலவைக்கடைக் கதவில் பச்சை நூல் தொங்கியது.

“பாதிதான் குறையும்னா? நம்ம வாசல விட்டுக்கொடுத்துட்டு நடுத்தெருவுல நிக்கவா?” என்று பெரியவள் தங்கையின் காதைக் கடித்தாள்.

“நான் கேட்ட எடம் தப்புக்கா. நம்ம கதவுல பச்சைய என் கையாலதான் கட்டினேன். தண்ணிய மேலயே திருப்பிவிட்டாத்தான் கீழ வர்றது நிக்கும்.”

ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தில் மைக் தன் மைக்கை அவளிடம் நீட்டினார். அவள் இரண்டே வாக்கியம் பேசினாள். “எங்க வாசல் வேணாம், பேக்கரிப் பின்பக்கம் வெட்டுங்க. சரிப்படலேன்னா மறுபடி நூல் கட்டுவோம்.” நடுத்தெருக்காரர் சிலர் முணுமுணுத்தார்கள், ஆனாலும் பெரும்பாலான கைகள் உயர்ந்தன.

முன்மொழிந்தவர் கையெழுத்துப் போட வேண்டும். நகராட்சி எழுத்தர் கைநாட்டுக்கு மைப்பெட்டியை நகர்த்தினார். சின்னவள் அதைத் திருப்பித் தள்ளினாள்.

“பேனா குடுங்க.”

கடைப்பலகையில் இருந்த தன் பெயரைப் பார்த்துப் பார்த்து, கிழிந்த தலையணை உறையில் நூலால் தைத்துப் பழகியிருந்தாள். அது பெரியவளுக்கே அப்போதுதான் தெரிந்தது. ஒவ்வொரு எழுத்தாக, தையல் போடுவதுபோலவே எழுதினாள். கூட்டம் காத்திருந்தது.

“மெதுவா போடும்மா, இது பச்சை நூல்தான்” என்றார் மைக்.

கடைசிச் சுழியை முடித்துப் பேனாவை மூடினாள். பக்கத்தில் தேதியைப் பெரியவள் எழுதினாள்: 2019 ஆகஸ்ட் 11.