பிள்ளையாரை விட்டு வெட்டிய பேக்கிங்

மூன்று வாரமாக என் மனைவி போடும் கோலத்தில் அவள் போடாத ஒரு பச்சைக் கோடும் சேர்ந்துகொண்டிருந்தது. வீட்டு முன்னால் நிற்கும் காரிலிருந்து கூலன்ட் சொட்டி, சிமென்ட் தரையின் சரிவில் இறங்கி, கேட்டுக்கு அடியில் நுழைந்து, நேராகக் கோலத்தில் போய் நின்றது.

"ஏங்க, ஒண்ணு வண்டிய சரி பண்ணுங்க, இல்ல கோலம் போட வேணாம்னு சொல்லிடுங்க. ரெண்டும் ஒரே வாசல்ல ஆவாது" என்றாள்.

செங்கம் ரோட்டில் தெரிந்த மெக்கானிக் ஒருவர் வந்து பானெட்டைத் திறந்து பார்த்தார். "வாட்டர் பம்ப் நல்லாத்தான் சார் கீது. பேக்கிங்தான் போயிடுச்சு" என்றார். பம்பும் இன்ஜினும் சேரும் இடத்தில் தண்ணீர் கசியாமலிருக்க நடுவில் ஒரு மெல்லிய அட்டை வைப்பார்கள். அதுதான் பேக்கிங். கையில் நிறைய வேலை இருக்கிறது, பௌர்ணமி கழித்துத்தான் வர முடியும் என்று சொல்லிவிட்டுப் போனார். ஒரு அட்டைக்கு இவ்வளவு பிகுவா என்று எனக்கு ரோஷம் வந்துவிட்டது. கடையில் பேக்கிங் ஒன்றை வாங்கினேன். போனில் நாலு வீடியோ பார்த்தேன். நான் பள்ளிக்கூடத்தில் வரலாறு சொல்லிக்கொடுக்கிறவன். மூன்று பானிபட் போர்களும் எனக்கு அத்துப்படி. ஸ்பேனரில் பத்தாம் நம்பர் எது, பன்னிரண்டு எது என்றால்தான் கொஞ்சம் யோசிப்பேன்.

கார் அப்பாவுடையது, பழைய டீசல் கார். அவர் போன பிறகு அடி அண்ணாமலையில் இருக்கும் நிலமும் வீடும் அண்ணனுக்கு, ரமணாசிரமம் பக்கத்தில் இப்போது நாங்கள் குடியிருக்கும் மனை எனக்கு என்று சுமுகமாகப் பேசி முடித்தோம். காரைப் பற்றி மட்டும் யாரும் பேசவில்லை. காரியம் முடிந்த மறுநாள் நான்பாட்டுக்குச் சாவியை எடுத்து ஓட்டிக்கொண்டு வந்துவிட்டேன். ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே என்று அண்ணன் போனில் கேட்டான். நான் ஏதோ குதர்க்கமாகச் சொன்னேன். "அந்த டப்பாவ நீயே கட்டிக்கினு அழு" என்று வைத்துவிட்டான். அதோடு மூன்று வருடம் பேச்சு வார்த்தை இல்லை.

இதில் நடுவில் மாட்டிக்கொண்டது அண்ணன் மகள். சின்ன வயதில் காரின் முன் சீட்டில் நின்றுகொண்டு ஹாரனை விடாமல் அமுக்குவாள். எங்களுக்குப் பிள்ளை இல்லை. உலகத்தில் என்னைச் சித்தப்பா என்று கூப்பிட அவள் ஒருத்திதான் இருக்கிறாள்.

வியாழக்கிழமை அவளுடைய கல்யாணப் பத்திரிகை வந்தது. கூரியரில் வந்தது.

எங்கள் பக்கத்தில் நெருங்கின சொந்தத்துக்குப் பத்திரிகை வைப்பது என்றால் தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு, பழம், மஞ்சள் குங்குமத்தோடு நேரில் வந்து, புருஷன் பெண்டாட்டி இருவரையும் நிற்க வைத்துக் கொடுக்க வேண்டும். தபாலில் அனுப்புவதெல்லாம் எப்போதோ உடன் வேலை பார்த்தவர்களுக்கு. கூடப் பிறந்த தம்பிக்கு அல்ல. அதுவும் அண்ணன் வீட்டுக்கும் எங்கள் வீட்டுக்கும் நடுவில் இருப்பது மலையின் ஒரு பக்கம்தான். அந்தத் தூரத்துக்கு ஒரு கூரியர்! அது வேலூருக்குப் போய் ஒரு நாள் தங்கிவிட்டு வேறு வந்திருந்தது.

"பிரிச்சிப் படிங்களேன்" என்றாள் மனைவி.

"படிக்கறதுக்கு இன்னா இருக்கு? போனாத்தான?"

வீராப்பாகச் சொல்லிவிட்டு, கவரைக்கூடத் திறக்காமல் டிவி மேல் எறிந்தேன். ஆனால் இரண்டு நாளும் மனசு அதையே சுற்றியது. போகாவிட்டால் அந்தப் பெண்ணை இனி எந்த முகத்தோடு பார்ப்பேன்? போனாலோ, கூரியரில் கூப்பிட்டதற்கே ஓடி வந்துவிட்டான் பார் என்று மண்டபமே பேசும். எனக்குப் போக வேண்டும். போவதற்கு ஒரு மரியாதையான வழி வேண்டும். அதை வாயைத் திறந்து சொல்லத்தான் வரவில்லை.

சனிக்கிழமை பௌர்ணமி. மலை சுற்ற வரும் கூட்டத்துக்காகக் காலையிலேயே கிரிவலப் பாதையில் வண்டிப் போக்குவரத்தை நிறுத்திவிட்டார்கள். எங்கும் போக முடியாத நாள்தான் காரைப் பிரிக்க நல்ல நாள் என்று லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கினேன். கூலன்டை வடித்து, பெல்ட்டைக் கழற்றி, போல்ட்களை ஒவ்வொன்றாக எடுத்தேன். எல்லாம் ஒரே நீளமாக இல்லை. மாறிப்போனால் வம்பு. ஆகவே இட்லித் தட்டைக் கொண்டுவந்து, குழிக்கு ஒன்றாக வரிசைப்படுத்தி வைத்தேன். இந்த யோசனை எந்த வீடியோவிலும் இல்லை. மனைவி வந்து பார்த்துவிட்டு, மிச்சமிருந்த இட்லித் தட்டுகளை எடுத்துப் பரணில் வைத்தாள்.

ஆசிரமத்தில் தியானம் செய்ய வந்து எங்கள் மாடி அறையில் வாடகைக்கு இருக்கும் வெளிநாட்டுக்காரர் படியிறங்கி வந்தார். நான் பானெட்டுக்குள் தலையை விட்டு அசையாமல் நிற்பதைக் கண்டதும் தொந்தரவு செய்யக்கூடாதென்று செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு சத்தமில்லாமல் கடந்து போனார். அவர் நினைத்த அளவுக்கு ஆழமாக ஒன்றும் இல்லை. கடைசி போல்ட் எங்கே ஒளிந்திருக்கிறது என்றுதான் விசாரித்துக்கொண்டிருந்தேன்.

ஒருவழியாகப் பம்ப் வெளியே வந்தது. பழைய பேக்கிங்கைச் சுரண்டி எடுத்து, இரண்டு பக்கமும் துடைத்துவிட்டுப் புதியதைத் தேடினேன். காணவில்லை. கால் மணி நேரம் முக்காலியில் உட்கார்ந்தபடியே சுற்றுமுற்றும் துழாவினேன். மனைவியைக் கூப்பிட்டு, வீட்டில் ஒரு சாமான் வைத்த இடத்தில் இருப்பதில்லை என்று கத்தினேன்.

"எழுந்திருங்க" என்றாள்.

எழுந்தேன். பேக்கிங் முக்காலியில் இருந்தது, இரண்டு துண்டாக. காலையிலிருந்து நான் உட்கார்ந்தபோதெல்லாம் அதன் மேல்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

இன்னொன்று வாங்கக் கடைக்குப் போகலாமென்றால், கடையில் இருந்தது அந்த ஒன்றுதான். அவசரத்துக்குக் கெட்டி அட்டையிலேயே பேக்கிங் வெட்டிக்கொள்ளலாம் என்று ஒரு வீடியோவில் பார்த்திருந்தேன். நல்ல கெட்டியான அட்டைக்கு வீட்டைச் சுற்றித் தேடிய கண் டிவி மேல் போய் நின்றது.

கவரைக் கிழித்தேன். இப்போதெல்லாம் பத்திரிகைகளைத்தான் எவ்வளவு கெட்டியாக அடிக்கிறார்கள்! மடித்த அட்டை, முன்பக்கம் தங்க நிறத்தில் பிள்ளையார். அவரைப் பார்த்ததும் கை தயங்கியது. எவ்வளவு கோபமிருந்தாலும் பிள்ளையாரைக் கொண்டுபோய்க் கொதிக்கிற தண்ணீரில் வைக்க மனசு வரவில்லை. அவர் இருந்த பாதியைத் தனியாகக் கிழித்து, தூசி தட்டி, பத்திரமாக ஓரத்தில் வைத்தேன். மற்ற பாதியை எழுத்துப் பக்கம் கீழே இருக்கும்படி கவிழ்த்துப் போட்டேன். அதில் ஒரு எழுத்தைக்கூடப் படிக்கக்கூடாது என்பதில் பிடிவாதமாக இருந்தேன். உடைந்த பேக்கிங்கை ஒட்டவைத்து, பேனாவால் சுற்றி வரைந்து, கத்தரியால் வெட்டினேன். போல்ட் ஓட்டைகளைப் பள்ளிக்கூடத்துப் பஞ்சிங் மெஷினால் போட்டேன். அச்சு அசலாக வந்திருந்தது. ஒரு கெட்ட திருப்திகூட இருந்தது.

எல்லாவற்றையும் திரும்ப மாட்டி, வெறும் தண்ணீர் ஊற்றி, இன்ஜினை ஸ்டார்ட் செய்தேன். முன்பு சொட்டிக்கொண்டிருந்த இடம் இப்போது பீய்ச்சி அடித்தது.

அந்த நேரம் பார்த்து கேட் திறந்தது. வெறுங்காலோடு, தோளில் துண்டும் கையில் கனத்த மஞ்சள் பையுமாக அண்ணன் நின்றுகொண்டிருந்தான்.

"இன்னாடா, காரைக் குளிப்பாட்றியா?"

மூன்று வருடத்துக்குப் பிறகு அவன் என்னிடம் பேசிய முதல் பேச்சு அது. கையில் ஸ்பேனரோடு முகத்தில் தண்ணீர் வழிய நின்றேன்.

"வாங்க மாமா, உள்ள வாங்க" என்று மனைவி ஓடிவந்து சொம்புத் தண்ணீர் கொடுத்தாள். "வண்டியெல்லாம் நிறுத்திட்டாங்களே, எப்படி வந்தீங்க?"

"நடந்துதாம்மா."

"அவ்ளோ கூட்டத்துல எதிர்லயா வந்தீங்க?"

"எதிர்ல எப்படிம்மா வர்றது? வலமாத்தான வரணும். டவுனுக்குப் போயி, கோயிலத் தாண்டி சுத்திக்கினு வந்தேன்."

மலையை வலமாகத்தான் சுற்றுவார்கள். அவன் வீட்டிலிருந்து எங்கள் வீட்டுக்குக் குறுக்கு வழி என்றால் கூட்டத்துக்கு எதிரே வர வேண்டும். அதனால் மலையைப் பாதிக்கு மேல் சுற்றி, அந்த வெயிலில், வெறுங்காலில் வந்திருக்கிறான். ஆனாலும் முகத்தை உர்ரென்றுதான் வைத்திருந்தேன்.

அவன் பையைக் கேட்டில் மாட்டிவிட்டு பானெட்டுக்குள் குனிந்தான். "ஆஃப் பண்ணு. பத்து நம்பர் குடு. இதென்ன, போல்ட்டுக்கு இட்லித் தட்டா?" கிணற்றடி ஆயில் இன்ஜினோடு காலம் தள்ளியவன். நான் அரை நாளாகச் செய்ததை அவன் கை கொஞ்ச நேரத்தில் கழற்றிப் போட்டது. பம்ப்பைத் தூக்கினான். ஊறிப் பருத்துப்போயிருந்த பேக்கிங்கை நகத்தால் உரித்து எடுத்துத் திருப்பினான்.

தங்க எழுத்துகள் மின்னின. அவன் பார்வை ஓரத்தில் உட்கார்ந்திருந்த பிள்ளையார் மேல் போய், திரும்ப என் மேல் வந்தது. தப்பிக்க வழியே இல்லை. ரோட்டில் யாரோ அரோகரா என்று கத்திக்கொண்டு போனார்கள்.

"இது நம்ம பத்திரிகைதான?"

"கூரியர்ல வர்ற பத்திரிகைக்கு அதான் மரியாதை" என்றேன். கோபம் வந்தால் என் நாக்கு என்னைக் கேட்காது.

அவன் கத்துவான் என்று நினைத்தேன். கத்தவில்லை. "நான் அனுப்பலடா" என்றான். "பாப்பா அனுப்பிச்சிது. நான்தான் உன் மூஞ்சில எப்படி முழிக்கறதுன்னு, இன்னிக்குப் போறேன் நாளைக்குப் போறேன்னு பத்து நாளா இழுத்துக்கினு இருந்தேன். பத்திரிகைல பேரப் பாத்தா சித்தப்பாவே ஓடி வந்துடுவாருன்னு எனக்குத் தெரியாம அனுப்பிட்டு, நேத்துதான் சொல்லுது. அடிச்சிப் புடிச்சி வந்துட்டேன்."

"எந்தப் பேர?"

அவன் அந்த ஈர அட்டையை என் கையில் வைத்தான். தங்கள் நல்வரவை விரும்பும் என்பதற்குக் கீழே, எல்லாருக்கும் முதலாக, சித்தப்பா, சித்தி என்று போட்டு எங்கள் இருவர் பெயரும் இருந்தது. என் பெயரின் நடுவில் ஒரு போல்ட் ஓட்டை.

வெட்கமாக இருந்தது. இவ்வளவு வயதில் அப்படி ஒரு வெட்கத்தை நான் பட்டதில்லை. மனைவி எட்டிப் பார்த்தாள். அவள் கண் நிறைந்துவிட்டது.

"புள்ளையார உட்டுட்டு உன்னையே வெட்டிக்கினியேடா" என்றான் அண்ணன். சொல்லிவிட்டு அவனே சிரிக்க ஆரம்பித்தான். சிரித்துச் சிரித்து இருமல் வந்துவிட்டது. பிறகு நானும் சிரித்தேன், மூக்கைத் துடைத்துக்கொண்டே.

"வழவழப்பு அட்டை நிக்காதுடா. சொரசொரப்பா வேணும்" என்று மஞ்சள் பையைத் திறந்தான். எனக்கு வேட்டி, அவளுக்குப் புடவை எடுத்து வந்திருந்தான். வேட்டி இருந்த பெட்டியின் மூடியைப் பிய்த்து, பம்ப்பின் வாயில் வைத்து, சுத்தியலால் ஓரம் முழுக்க லேசாகத் தட்டிக்கொண்டே வந்தான். விளிம்பு வெட்டின இடத்தில் அட்டை தானாக அறுந்து விழுந்தது. பேனாவும் வேண்டாம், பஞ்சிங் மெஷினும் வேண்டாம். இரண்டு பக்கமும் கிரீஸ் தடவி மாட்டினான். வரிசைப்படி போல்ட்டை எடுத்துக் கொடுத்தது மட்டும் நான். தண்ணீர் ஊற்றி ஸ்டார்ட் செய்துவிட்டு மூன்று பேரும் குனிந்து பார்த்துக்கொண்டே நின்றோம். ஒரு சொட்டுகூட இல்லை.

"கல்யாணம் வரைக்கும் தாங்கும். அப்பறம் நல்ல பேக்கிங் வாங்கிப் போடு" என்றான். கொஞ்சம் தயங்கி, "பொண்ணழைப்புக்குத் தாத்தா வண்டிலதான் வருவேன்னு பாப்பா அடம் புடிக்குதுடா. சித்தப்பாதான் ஓட்டணுமாம்" என்றான்.

"ஓட்டாம?" என்றேன்.

கையை எவ்வளவு கழுவியும் கிரீஸ் போகவில்லை. அப்படியே தாம்பாளம் வைத்து, எங்களைக் கிழக்குப் பார்த்து நிற்க வைத்து, புதுப் பத்திரிகையைக் கொடுத்தான். மூன்று மூலையில் மஞ்சள், நாலாவது மூலையில் அவன் கட்டைவிரல் கறுப்பு. சாப்பிட்டான். பாக்கிச் சுற்றையும் முடித்து வீடு போய்ச் சேர வேண்டும் என்று கிளம்பினான். காரில் கொண்டுபோய் விடலாமென்றால் ரோடு திறக்க மறுநாள் ஆகும்.

நானும் செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு அவனோடு நடந்தேன்.

"வண்டிய சரி பண்ணிட்டு நடந்து வர்றவன் நீ ஒருத்தன்தாண்டா" என்றான். வழியெல்லாம் நெல், போர்வெல் தண்ணீர், சமையல்காரர் என்று ஏதேதோ பேசினான். கார் பேச்சை இரண்டு பேரும் எடுக்கவில்லை. ஒரு வார்த்தை கேட்டுவிட்டு எடுத்திருக்க வேண்டும் என்று அவனிடம் சொல்லிவிட நினைத்தேன். கூட்டத்தில் இடித்துக்கொண்டே வந்ததில் சொல்லாமலே ஊர் வந்துவிட்டது.

வாசலில் நின்றிருந்தவள் என்னைப் பார்த்ததும் ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டாள். "சித்தப்பா! கூரியர் வந்துச்சா? உங்க பேரு எங்க போட்டிருக்கோம்னு பாத்தீங்களா?"

நான் வாயைத் திறப்பதற்குள் அண்ணன் முந்திக்கொண்டான்.

"வந்த அன்னிக்கே பாத்துட்டானாம்" என்றான். "பத்திரமா வச்சிருக்கான்."