அழித்துவிட்டதாகச் சொன்ன நகரம்

எங்கள் வீட்டுக் கம்ப்யூட்டருக்குத் தமிழ் தெரியாது, இங்கிலீஷும் தெரியாது. பிரான்சில் இருக்கும் என் மைத்துனர் ஒரு விடுமுறைக்கு வந்தபோது பெட்டியில் வைத்துக் கொண்டுவந்து கொடுத்தது. திரையில் வருவதெல்லாம் பிரெஞ்சு. விசைப்பலகையும் அந்த ஊர் வரிசைதான். ஏ இருக்க வேண்டிய இடத்தில் க்யூ உட்கார்ந்திருக்கும். என் மனைவி பள்ளிக்கூடத்தில் பிரெஞ்சு டீச்சர். அவளுக்கு அது பிறந்த வீட்டு ஆள் மாதிரி. நெல்லித்தோப்பில் பிறந்து நெல்லித்தோப்பிலேயே குடியிருக்கும் எனக்கு அது மைத்துனர் மாதிரிதான். மரியாதையாகப் பழகினோம், ஒருவர் பேசுவது மற்றவருக்குப் பாதிதான் புரியும்.

அந்தக் கம்ப்யூட்டருக்குள் எனக்கு ஒரு ஊர் இருந்தது. நகரம் கட்டும் விளையாட்டு. வெறும் பொட்டலில் ஆரம்பித்து, சாலை போட்டு, குழாய் இழுத்து, நாலு வருஷமாகக் கட்டிய ஊர். லட்சம் பேர் குடியிருந்தார்கள். மழை பெய்தால் கால் மணி நேரத்தில் வடிந்துவிடும். எங்கள் தெருவிலோ ஐப்பசி மழைத் தண்ணீர் மூன்று நாள் நிற்கும். செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு ஆபீசுக்குப் போவேன். அது ஒரு அரசாங்க ஆபீஸ். ஜனங்கள் கொடுக்கும் மனுக்களை வாங்கி அடுத்த மேசைக்கு அனுப்புவது என் வேலை. அனுப்புவதற்கு முன் அவை என் மேசையில் கொஞ்ச நாள் இளைப்பாறும். ஆனால் விளையாட்டில் ஒரு குடிமகன் வீட்டுக்கு மேலே குப்பைத் தொட்டிப் படம் முளைத்தால் போதும், அரை நிமிஷத்தில் லாரி அனுப்பிவிடுவேன். இப்படி ஒரு மேயர் எந்த ஊருக்கும் வாய்த்ததில்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வதும் உண்டு.

போன தவக்காலத்துக்கு முந்தின நாள் ராத்திரிச் சாப்பாட்டில் என் மனைவி பேச்சை ஆரம்பித்தாள். நாற்பது நாள் கறி மீனை விடுவது எல்லார் வீட்டிலும் நடப்பதுதான், அதற்கு மேல் நம்மை உண்மையிலேயே உறுத்துகிற மாதிரி ஒன்றை விட வேண்டும் என்றாள். அவளுக்கு ஒரு நாளைக்கு நாலு டம்ளர் காப்பி வேண்டும். டிகாக்ஷன் இறங்கவில்லை என்றால் அவள் பக்கம் யாரும் போக முடியாது.

"நீங்க அந்த ஊரை விடுங்க. நான் காப்பிய விட்டுடறேன்" என்றாள்.

"காப்பி வேற, ஊர் வேற" என்றேன்.

"அதான் சொல்றேன். எது கஷ்டமோ அதை விடணும். நாப்பது நாள் ஆடாம இருப்பேன்னு வாய்ல சொன்னா பத்தாது. அழிச்சிடுங்க. வேணும்னா அப்பறம் புதுசா கட்டிக்கலாம்."

சாம்பல் புதன் அன்று காலைப் பூசை முடிந்து, நெற்றிச் சாம்பலோடு கம்ப்யூட்டருக்கு முன்னால் உட்கார்ந்தேன். அவள் பின்னால் நின்றாள். திரையில் இருந்த என் நகரத்தின் படத்தின் மேல் மவுஸை வைத்து வலது பொத்தானை அழுத்தினேன். அழிப்பதற்கு அந்த ஊர்ச் சொல் 'சூப்ரிமே'. நான் கற்ற பிரெஞ்சில் அது ஒன்று. தட்டினேன், படம் போய்விட்டது. குப்பைத் தொட்டியையும் காலி செய்தேன். மூக்கை உறிஞ்சிக்கொண்டேன். நான் நடிக்கவில்லை, சத்தியமாக ஊர் போய்விட்டது என்றுதான் நம்பினேன். அவள் என் தோளைத் தட்டிவிட்டு, அடுப்படிக்குப் போய் காப்பித்தூள் டப்பாவை மேல் அலமாரியில் தூக்கி வைத்தாள்.

இரண்டு நாள் துக்கம் காத்தேன். மூன்றாம் நாள் ஏதோ ஒரு ரசீதைத் தேடி டிஸ்குக்குள் போனபோது, டி டிரைவ் இன்னும் நிறைந்து சிவப்பாகவே கிடந்தது. இவ்வளவு பெரிய ஊரை அழித்த பிறகும் ஏன் இடம் வரவில்லை? உள்ளே போய்ப் பார்த்தேன். ஒரு கோப்புறை, அதற்குள் இன்னொன்று, அதற்குள் பிரெஞ்சில் பெயர் வைத்த மூன்றாவது, அதற்குள் என் விளையாட்டு முழுசாக இருந்தது. சேமித்து வைத்த ஊரும் அதே இடத்தில் இருந்தது. நான் புதன்கிழமை அழித்தது வாசலில் மாட்டியிருந்த வெறும் பெயர்ப் பலகையை. வீடு நெல்லித்தோப்புச் சந்து மாதிரி உள்ளுக்குள் உள்ளாக எங்கேயோ இருந்திருக்கிறது. உயிர்த்தெழுதலுக்கு மூன்று நாள் போதும் என்பதில் எனக்கு அன்றிலிருந்து சந்தேகமே இல்லை.

அப்போதே அவளைக் கூப்பிட்டுக் காட்டியிருக்க வேண்டும். நான் செய்தது வேறு. ஞாயிற்றுக்கிழமை தவக்காலக் கணக்கில் சேராது என்று சின்ன வயதில் மறைக்கல்வி வகுப்பில் கேட்டது ஞாபகம் வந்தது. சாம்பல் புதனிலிருந்து எண்ணிப் பாருங்கள், ஞாயிறுகளைக் கழித்தால்தான் நாற்பது வரும். ஆக, ஞாயிறு மட்டும் ஆடினேன். சனிக்கிழமை சாயங்காலப் பூசை ஞாயிற்றுக் கடனுக்குச் செல்லும் என்று திருச்சபையே ஒப்புக்கொள்கிறது. ஆகவே சனி சாயங்காலமும் ஞாயிறுதான். பிறகு சூசையப்பர் திருநாள் வந்தது. அவர் தச்சர், கட்டுமானத் தொழிலாளி. அன்று ஒரு பாலம் கட்டாமல் இருப்பது அவருக்கு மரியாதையாக இருக்காது. அதற்குப் பிறகு வார நாட்களிலும் கொஞ்சம் பராமரிப்பு வேலை மட்டும். ஜனங்கள் என்ன பாவம் செய்தார்கள், குப்பை அள்ள வேண்டாமா? விளையாட்டை மூடினால் ஊர் அப்படியே உறைந்து நிற்கும், அங்கே யாருக்கும் பசிக்காது, எதுவும் நாறாது என்பது எனக்கு நன்றாகவே தெரியும்.

நேரமும் தோதாக அமைந்தது. சாயங்காலம் ஐந்து மணிக்கு அவள் கருவடிக்குப்பத்தில் டியூஷன் எடுக்கப் போவாள். ஐந்தே காலுக்கு நான் வீட்டில் இருப்பேன், அரசாங்க ஆபீஸ் ஆயிற்றே. ஏழு மணிக்கு ஸ்கூட்டர் சத்தம் கேட்டதும் மூடிவிட்டு செய்தித்தாளை விரிப்பேன். அவள் உள்ளே வந்து கைகால் கழுவிக்கொண்டு எனக்குக் காப்பி போடுவாள். எனக்கு மட்டும். முதல் இரண்டு வாரம் அவளுக்கு மண்டையைப் பிளக்கும் தலைவலி. நெற்றியில் கைக்குட்டையை இறுக்கிக் கட்டிக்கொண்டு, முகத்தை ஒரு பக்கம் திருப்பியபடி டிகாக்ஷனை ஊற்றுவாள். நான் வாங்கிக் குடித்தேன். நன்றாக இருந்தது என்றும் சொன்னேன்.

குருத்து ஞாயிறு அன்று ஆற்றங்கரையில் ஒரு பூங்கா கட்டி முடித்தேன். மறுநாள் திங்கட்கிழமை, பெரிய வாரம் தொடங்கிவிட்டதே என்று கொஞ்சம் கூச்சத்தோடு, பூங்காவில் விளக்கு மட்டும் போட்டுவிடலாம் என்று உட்கார்ந்தேன். டி டிரைவ், கோப்புறை, அதற்குள் இன்னொன்று. அதற்குள் மூன்றாவது இல்லை.

வெளியே வந்து மறுபடி உள்ளே போனேன். சி டிரைவில் தேடினேன். தேடும் பெட்டியில் விளையாட்டின் பெயரை அடித்தேன்; ஏ வர வேண்டிய இடத்தில் க்யூ வந்தது, திருத்தி அடித்தேன். பிரெஞ்சில் ஒரு வரி வந்தது. வேறு சமயமாக இருந்தால் அவளைக் கூப்பிட்டு என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டிருப்பேன். இப்போது செல்போனில் படம் பிடித்து மொழிபெயர்க்க வேண்டியதாயிற்று. உங்கள் தேடலுக்கு எதுவும் பொருந்தவில்லை என்றது.

எனக்கு உடனே புரிந்துவிட்டது, அல்லது புரிந்துவிட்டதாக நினைத்தேன். அவள் கண்டுபிடித்துவிட்டாள். கண்டுபிடித்து, எங்கேயோ ஒளித்து வைத்துவிட்டு, நான் வாயைத் திறக்கட்டும் என்று காத்திருக்கிறாள். நான் எப்படித் திறப்பேன்? சாம்பல் புதன் அன்றே அழிந்துபோன ஊர் அது. அழிந்துபோன ஊரைக் காணவில்லை என்று யாரிடம் மனு கொடுப்பது?

அன்று ராத்திரி அவள் சந்தோஷமாகச் சொன்னாள்: "கம்ப்யூட்டர் இப்ப எப்படிப் பறக்குது, பாத்தீங்களா?"

குத்துகிறாள் என்று நினைத்தேன். "ம்" என்றேன்.

செவ்வாய்க்கிழமை அவள் குளிக்கப் போன நேரத்தில் அவளுடைய கைப்பையில் இருந்த பென் டிரைவ் நாலையும் ஒவ்வொன்றாகச் செருகிப் பார்த்தேன். நாலிலும் அவள் குரல். பிள்ளைகளுக்குச் சொல்லெழுத்துத் தேர்வுக்காகப் பதிவு செய்தது. ஒரே வாக்கியத்தை நிறுத்தி நிறுத்தி மூன்று முறை படிக்கிறாள். அதற்குள் எங்கேயாவது என் ஊர் இருக்குமோ என்று கடைசி வரை கேட்டேன். அன்று சாயங்காலம் பாவசங்கீர்த்தனம். வரிசையில் நின்று, என் முறை வந்ததும், மனைவி மேல் மனசுக்குள் கோபப்பட்டேன் என்று சொன்னேன். சாமியார் ஏன் என்று கேட்கவில்லை, நானும் வலியச் சொல்லவில்லை.

பெரிய வியாழன் அன்று கோவிலிலிருந்து நடந்து வரும்போது அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "இந்த வருஷந்தான் நோன்பு நோன்பு மாதிரி இருந்துது இல்ல? ரெண்டு பேரும் சேந்து இருந்ததால" என்றாள். என்ன நெஞ்சழுத்தம் என்று எனக்குள் கொதித்தது. இவ்வளவு இனிப்பாகப் பேசி ஒரு மனுஷனைக் கொல்ல முடியுமா? கையை விடுவித்துக்கொண்டு, செருப்பு வார் அவிழ்ந்துவிட்டதாகக் குனிந்தேன்.

ஈஸ்டர் மதியம் பிரியாணி சாப்பிட்டோம். அவள் ஒரு பெரிய டம்ளரில் காப்பியோடு வந்து உட்கார்ந்தாள், முகமெல்லாம் மலர்ச்சி. இதற்கு மேல் என்னால் பொறுக்க முடியவில்லை.

"சரி, நோன்பு முடிஞ்சிட்டுது. குடுத்துடு" என்றேன்.

"எதை?"

"ஊரை."

"எந்த ஊரை?"

"தெரியாத மாதிரி கேக்காத. டி டிரைவ்ல இருந்துச்சே, எடுத்து எங்க ஒளிச்சி வச்ச?"

அவள் யோசித்தாள். கோப்புறையை அவள் எப்போதும் பிரெஞ்சில்தான் சொல்வாள். "அந்தப் பெரிய தொசியேவா? திங்கக்கெழம ஈஸ்டருக்கு வீட்டை ஒதுங்க வச்சப்ப கம்ப்யூட்டரையும் சுத்தம் பண்ணேன், பிள்ளைங்களுக்குப் பதிவு பண்ண எடமே இல்ல. நீங்கதான் விளையாட்டை அழிச்சிட்டீங்களே, இது அதோட மிச்சம் மீதி போலன்னு நெனச்சேன். ரொம்பப் பெருசா இருக்குது, குப்பைத் தொட்டி கொள்ளாது, ஒரேயடியா அழிச்சிடவான்னு கேட்டுது. ஆமான்னு சொல்லிட்டேன்."

அவள் எதையும் கண்டுபிடிக்கவில்லை. ஒளித்து வைக்கவுமில்லை. நான் சொன்னதை நம்பியிருக்கிறாள், அவ்வளவுதான். லட்சம் பேர் குடியிருந்த ஊரைக் குப்பை என்று தள்ளும் அளவுக்கு நம்பியிருக்கிறாள். வாரம் முழுக்க அவள் சொன்ன ஒவ்வொரு வார்த்தையையும் திரும்ப நினைத்துப் பார்த்தேன். வெட்கம் பிடுங்கித் தின்றது.

அவள் டம்ளரைக் கீழே வைத்துவிட்டாள். "ஐயோ, அதுக்குள்ளதான் ஊர் இருந்துச்சா? அப்ப அன்னைக்கு அது அழியவே இல்லியா? நாலு வருஷமாக் கட்டினதாச்சேங்க. எனக்குத் தெரியாமப் போச்சே. சாரிங்க, சாரி" என்றாள். கண்ணில் தண்ணீர்கூட வந்துவிட்டது. பிறகு, கண்ணைத் துடைத்துக்கொண்டே கேட்டாள்: "அது அங்க இருக்குதுன்னு உங்களுக்கு எப்பத் தெரியும்?"

நல்ல வழி ஒன்று திறந்தே கிடந்தது. போன வாரம்தான் தெரிந்தது என்றால் முடிந்தது கதை. அவள் அதையும் நம்புவாள், எனக்காக இன்னும் கொஞ்சம் வருத்தப்படுவாள், ஒருவேளை ஊரைத் திரும்பக் கட்ட உதவியும் செய்வாள். நாக்கு நுனி வரை வந்தது.

"மொத வாரத்துலியே தெரியும்" என்றேன். "போன ஞாயித்துக்கெழம வரைக்கும் ஆடினேன்."

காப்பியில் ஆடை படிந்தது. எழுந்து போகப் போகிறாள் என்று நினைத்தேன், போகவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அப்ப நான் கேட்ட சாரியத் திருப்பிக் குடுங்க" என்றாள்.

சிரிக்கவில்லை. கையைக்கூட நீட்டினாள். அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு, கல்யாணமாகிப் பதினெட்டு வருஷத்தில் முதல் தடவையாக, ஒரு சாக்கும் சொல்லாமல் மன்னிப்புக் கேட்டேன்.