ஜப்பான்காரர் சாகாத வாரம்

எங்கேயாவது வெல்டிங் வாடை அடித்தால் இப்போதும் நடந்துகொண்டிருந்தவள் நின்றுவிடுவேன். எங்கள் டூரிங் டாக்கீஸ் புரொஜெக்டரில் வெளிச்சத்துக்காகக் கார்பன் குச்சி எரிந்த வாடை அது.

அவனியாபுரம் கண்மாய் ஓரத்துக் கொட்டகையில் அப்பா டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்தார். எழுபதுகளின் கடைசியில் அங்கே சண்டைப் படங்களுக்குத்தான் கூட்டம். அவற்றில் வரும் ஒரு ஜப்பான் நடிகரின் பெயர் யாருக்கும் தெரியாது, "ஜப்பான்காரரு" என்றால் ஊருக்கே தெரியும். எப்போதும் வில்லன், எப்போதும் சாவார். பழசு புதுசு பார்க்காமல் கையில் கிடைத்த படப்பெட்டியை ஓட்டியதால், இந்த வாரம் நரைத்த தலையோடு கிணற்றில் விழுந்து செத்தவர், அடுத்த வெள்ளிக்கிழமை இளவட்டமாக வந்து குத்துப்பட்டுச் சாவார். அம்மாவுக்குப் பொறுக்காது. "அம்புட்டு அழகா நடக்குற மனுசன்! இவய்ங்களுக்குக் கொல்ல வேற ஆளே கெடைக்கலையா?" என்று கதாநாயகனைத் திட்டித் தீர்ப்பாள்.

நான் சிறுமியாக இருந்த ஒரு கோடையில் அம்மா மஞ்சள் காமாலை முற்றிப் பெரியாஸ்பத்திரியில் கிடந்தாள். டாக்டர் கையை விரித்துவிட்டார். அந்த நிலையிலும் என்னைப் பார்த்ததும், "இந்த வாரமும் கொன்னுட்டாய்ங்களா?" என்றாள். அன்று சாயங்காலம்தான் புதுப்படம். அதில் ஜப்பான்காரர் பிழைத்தால் அம்மாவும் பிழைப்பாள் என்று எனக்குள் முடிவாகிவிட்டது. அப்பாவிடம் சொல்லி அழுதேன். "கிறுக்குப் புள்ள" என்று அதட்டுவார் என்று பார்த்தால், மனுசன் என்னையும் கூட்டிக்கொண்டு ஆபரேட்டர் அறைக்குப் போனார்.

"மாப்ள, இன்னைக்கு அந்தாளு சாகுறதுக்கு முன்னாடி நிப்பாட்டிரு."

"சனம் கொட்டகையப் பிரிச்சுரும் மாமா!"

"நான் பாத்துக்கிறேன். ஒன் கால்ல விழுறேன்டா."

தொங்குபாலத்தில் ஜப்பான்காரர் வாளை ஓங்கி நின்றபோது திரையில் படம் முடிந்ததாக "வணக்கம்" ஸ்லைடு விழுந்தது. பெஞ்சுகள் பறந்தன. அப்பாவின் சட்டையைக் கிழித்து அடித்தார்கள். "ரீலு அந்துபோச்சு, மன்னிச்சுக்கங்க" என்று கும்பிட்டபடியே வாங்கிக்கொண்டார். எனக்கோ சந்தோஷம் தாங்கவில்லை.

விடிந்ததும் ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். "அம்மா, இந்த வாரம் அவரு சாகல!" என்றேன்.

"நெசமாவா?" என்று அப்பாவைப் பார்த்தாள். வீங்கிய உதட்டோடு அவர் தலையாட்டினார்.

"நல்லா இருக்கட்டும்" என்றாள். மத்தியானம் போய்ச் சேர்ந்துவிட்டாள்.

கொட்டகை இருந்த இடத்தில் இன்று ஷேர் ஆட்டோ பட்டறை. அப்பாவும் போய்விட்டார். ஜப்பான்காரரின் படங்கள் மட்டும் அத்தனையும் செல்போனிலேயே கிடைக்கின்றன. போன வாரம் அந்தப் படத்தை என் மகன் தேடிப்பிடித்துப் போட்டுக் காட்டினான். பாலம் வந்ததும் நிறுத்தச் சொன்னேன்.

"கடைசிச் சண்டைதாம்மா, இன்னும் கொஞ்ச நேரம்தான்."

"வேணாம்டா. அவரு சாகலைன்னு அம்மாச்சிகிட்ட சொல்லிட்டேன்."