ஆகவே அக்கா

அந்த மருந்துக் கம்பெனியின் தட்டச்சுப் பிரிவில் அவளுக்கு வைத்திருந்த பெயர் ஆகவே அக்கா. யார் எழுதிக் கொடுத்தாலும் மளமளவென்று அடித்துக்கொண்டே வருவாள். ‘ஆகவே’ என்ற சொல் வந்ததும் விரல் நின்றுவிடும். மேலே இருக்கும் இரண்டு வரிகளைத் திரும்பப் படிப்பாள். அவற்றிலிருந்து இது வருகிறது என்றால் அடிப்பாள். வரவில்லை என்றால் ஓரத்தில் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டு, எழுதிய அதிகாரியின் மேசையிலேயே கொண்டுபோய் வைத்துவிட்டு வருவாள். அதிகாரிகளுக்கு எரிச்சல் வரத்தான் செய்தது. ஆனால் அவள் கேள்விக்குறி போட்ட கடிதத்தை அப்படியே அனுப்பி மேலிடத்தில் வாங்கிக் கட்டிக்கொண்ட இரண்டு பேர் அங்கே இருந்ததால், மற்றவர்கள் வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

கூட வேலை செய்த பெண்களுக்கு இது பெரிய கேலி. “அக்கா ஸீட்ல ஃபேன் ஓடுது, ஆகவே அக்கா வந்தாச்சு” என்பாள் ஒருத்தி. “நேத்து சாயங்காலம் நிறுத்த மறந்துட்டுப் போயிருக்கலாம்டி” என்று வாசல் பக்கமிருந்து அக்காவின் குரல் வரும். வீட்டிலும் இதே கதைதான். மகள் ராத்திரி சாப்பாடு வேண்டாம் என்றால், காய்ச்சல் என்று இவள் நெற்றியைத் தொட மாட்டாள். “எந்தத் தோழி வீட்ல சாப்பிட்டே?” என்றுதான் கேட்பாள். “அம்மாகிட்ட ஒரு பொய் ஒழுங்கா சொல்ல முடியலைப்பா” என்று அந்தப் பெண் அப்பாவிடம் போய் முறையிடுவாள்.

எல்லோரும் சிரித்தார்கள். இந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று தெரிந்திருந்தால் சிரித்திருக்க மாட்டார்கள்.

பதினோரு வருடத்துக்கு முன்னால் அவள் கணவர் அதே கம்பெனியில் குளிர் அறை ஆபரேட்டராக இருந்தார். தடுப்பூசி மருந்துகள் அடுக்கிவைக்கிற அறை அது. ஒரு திங்கட்கிழமை காலை பார்த்தால் அறையில் குளிர் இல்லை. அத்தனை மருந்தும் பாழ். சனிக்கிழமை கடைசியாக அறையை விட்டு வெளியே வந்தவர் அவர். விசாரணை அதிகாரியாக உட்கார்ந்தவரை ஊழியர்கள் தராசு என்பார்கள். நியாயத்தை நிறுத்துப் பார்த்துச் சொல்வதாக அவரே தன்னைப் பற்றிப் பீற்றிக்கொண்டதால் வந்த பெயர்.

“கதவை மூடினியா?” என்று தராசு கேட்டார்.

“எப்பவும் மூடுவேன் சார்.”

“எப்பவும் பத்திக் கேக்கலை. அன்னிக்கு மூடினது ஞாபகம் இருக்கா?”

மனுஷர் பொய் சொல்லத் தெரியாதவர். யோசித்துப் பார்த்தார். பத்து வருடமாக மூடிய கதவு. எந்த நாளின் மூடலைத் தனியாகப் பிரித்து எடுப்பது? “தனியா ஞாபகம் இல்லை சார்” என்றார். வாக்குமூலத்தில் பக்கத்துக்குப் பக்கம் ‘படித்துப் பார்த்தேன், சரி’ என்று எழுதிக் கையெழுத்தும் போட்டார்.

தராசு கையால் எழுதிய தீர்ப்பு தட்டச்சுப் பிரிவுக்கு வந்தது. அன்றைக்கு அங்கே இருந்த இன்னொரு தட்டச்சுக்காரி விடுப்பு. தாள் இவள் மேசையில் விழுந்தது. மாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். சொன்னால் ஒரே நாளில் வீட்டில் இரண்டு வேலையும் போகும், இடுப்பில் குழந்தை. பல்லைக் கடித்துக்கொண்டு அடித்தாள். ‘கதவு திறந்திருந்தால் குளிர் போய்விடும். குளிர் போயிருக்கிறது. ஆகவே கதவைத் திறந்து போட்டுவிட்டுப் போயிருக்கிறார்.’ தன் புருஷனின் வேலையைத் தன் பத்து விரலாலேயே பறித்தாள். அடிக்கும்போதே அதில் ஏதோ கோணல் இருப்பது தெரிந்தது. என்ன கோணல் என்று சொல்லத் தெரியவில்லை.

அதைத் தெரிந்துகொள்ளத்தான் நடைபாதைப் புத்தகக் கடையில் அட்டை கிழிந்த ஒரு தருக்கப் பாடநூலை வாங்கினாள். பேருந்தில் நின்றுகொண்டே படித்தாள். மூன்றாவது வாரத்தில் பிடிபட்டது. கதவு திறந்தால் குளிர் போகும், சரி. ஆனால் குளிர் போக வேறு நூறு வழி இருக்கிறது. கம்ப்ரசர் நின்றிருக்கலாம். வாயு கசிந்திருக்கலாம். கதவு ஓரத்து ரப்பர் வெடித்திருக்கலாம். இதில் எதையும் தராசு எட்டிக்கூடப் பார்க்கவில்லை. இருக்கிற முடிவிலிருந்து பின்னால் நடந்துபோய், கண்ணில் பட்ட முதல் ஆளின் கழுத்தைப் பிடித்திருக்கிறார். அவள் மேல்முறையீடு ஒன்று எழுதிக் கொடுத்தாள். ‘காலம் கடந்துவிட்டது’ என்று ஒற்றை வரியில் பதில் வந்தது.

வேலை போனதைக்கூட அவள் பொறுத்திருப்பாள். பொறுக்க முடியாதது வேறு. அவர் முதல் வாரம் “நான் மூடினேன்” என்று சொல்லிக்கொண்டிருந்தார். ஒரு மாதம் போனதும் “மூடியிருப்பேன்” என்றார். அந்த வருடக் கடைசியில் “மூடலை போலத்தான் இருக்கு” என்றார். இப்போது வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து மின்விசிறி, மிக்ஸி பழுது பார்க்கிறார். சரிசெய்த விசிறியை இரண்டு மணி நேரம் ஓடவிட்டுப் பார்க்காமல் கொடுக்க மாட்டார். வீட்டுக் கதவைப் பூட்டவே மாட்டார். எங்கே கிளம்பினாலும் சாவியை அவள் கையில் கொடுத்துவிட்டுத் தெருவில் போய் நிற்பார். தன் கையைத் தானே நம்பாத ஒரு மனுஷரோடு அவள் பதினோரு வருடம் குடித்தனம் நடத்தினாள். ஒவ்வொரு தடவை பூட்டும்போதும் தராசை நினைத்துக் கறுவினாள்.

அப்படிக் கறுவிக்கொண்டிருந்தவளுக்குக் காலம் ஒரு நாள் கதவைத் திறந்துவிட்டது.

தராசின் அலமாரியிலிருந்து ஒரு பரிசோதனை அறிக்கைக் கோப்பு காணாமல் போனது. ஒரு மருந்து தேறவில்லை என்று சொன்ன கோப்பு அது. பூட்டு உடைபடவில்லை. சாவி தராசிடம். கம்பெனி வெளியிலிருந்து ஒரு வக்கீலம்மாவை விசாரணைக்கு நியமித்தது. வாக்குமூலத்தை உடனுக்குடன் அடிக்க ஆகவே அக்காவை உட்கார வைத்தார்கள்.

“அலமாரியை அன்னிக்குப் பூட்டினது ஞாபகம் இருக்கா?” என்று வக்கீலம்மா கேட்டார்.

“தினமும் பூட்டறவன் மேடம் நான்.”

“அன்னிக்கு?”

“தினமும் செய்யற வேலையைத் தனியா எப்படி மேடம் ஞாபகம் வெச்சுக்க முடியும்? யாரால முடியும்?”

அக்கா அந்தக் கேள்விகளை ஓர் எழுத்துக் குறையாமல் அடித்தாள். பசித்தவன் சாப்பிடுவதைப்போல் அடித்தாள். வக்கீலம்மா விடவில்லை. “சாவி உங்ககிட்ட, பூட்டு உடையலை. அப்ப நீங்கதானே எடுத்திருக்கணும்?”

“அதெப்படி மேடம்! வேற வழியே இருக்கக் கூடாதா?” தராசின் குரல் உடைந்தது.

விசாரணை மறுநாளைக்குத் தள்ளிப்போனது. மத்தியானம் தராசு தட்டச்சுப் பிரிவுக்கு வந்தார். மற்றவர்கள் சாப்பிடப் போயிருந்தார்கள். பதினோரு வருடத்தில் அவர் அந்த அறைக்குள் கால் வைத்தது அதுதான் முதல் தடவை.

“அந்த அலமாரிக்கு ரெண்டாவது சாவி ஒண்ணு இருந்துச்சேம்மா. மாற்றுச் சாவிப் பதிவேட்டை நீதானே எழுதறே?”

இருந்தது. அலமாரிக் கதவின் கீலைப் பழுது பார்க்கப் பராமரிப்புப் பிரிவு அதை வாங்கிப்போய் இரண்டு மாதம் கழித்துத்தான் திருப்பித் தந்திருந்தது. கோப்பு போனது அந்த இரண்டு மாதத்துக்குள். அக்காவின் கையெழுத்தே அந்தப் பதிவில் இருந்தது. இவர் எடுத்திருக்க மாட்டார் என்றுதான் அவளுக்கும் தோன்றியது. இவருக்கு அந்தத் துணிச்சல் கிடையாது.

“கொண்டுவர்றேன் சார். அதுக்கு முன்னாடி ஒரு தாள்ல எழுதிக் குடுங்க.”

“என்னன்னு?”

“குளிர் அறை ஆபரேட்டரைப் பத்தி நீங்க எழுதினது தப்புன்னு.”

அவருக்கு யாரென்று ஞாபகம் வர நேரமாயிற்று. அந்த நேரம் அவளை இன்னும் எரித்தது. ஒரு குடும்பத்தைக் கவிழ்த்தது அந்த மனுஷருக்கு நினைவில் தங்குகிற அளவுக்குக்கூடப் பெரிய விஷயமாக இல்லை. ஞாபகம் வந்ததும் அவர் முகத்தில் ஈயாடவில்லை. உட்கார்ந்து எழுதினார். ‘குளிர் குறைந்ததை மட்டும் வைத்துக் கதவு திறந்திருந்தது என்று முடிவுகட்டியது தவறு. இயந்திரத்தைச் சோதிக்கவில்லை. வேறு காரணங்கள் இருந்திருக்கலாம்.’ தேதி போட்டுக் கையெழுத்திட்டார்.

அன்று சாயங்காலம் அவள் நடக்கவில்லை, ஓடினாள். விசிறியின் மோட்டாரைப் பிரித்துப் போட்டு உட்கார்ந்திருந்தவரின் கையைத் துணியால் துடைத்துவிட்டுத் தாளைக் கொடுத்தாள். “படிங்க. தராசு கைப்பட எழுதினது.”

அவர் இரண்டு தடவை படித்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றிவிட்டு, “நல்லாத்தான் எழுதியிருக்காரு” என்றார். “ஆனா நான் மூடினேன்னு இதுல எங்க இருக்கு?”

“அவர் சொன்ன காரணம் தப்புன்னு இருக்குங்க.”

“காரணம் தப்பா இருக்கலாம்மா. அதுக்காக நான் மூடிட்டேன்னு ஆயிடுமா? நீதானே எப்பவும் சொல்வே?”

கிழிந்த அட்டைப் புத்தகத்தில் அதுவும் இருந்தது. ஒரு வாதம் ஓட்டை என்பதால் அதன் முடிவு பொய்யாகிவிடாது. கதவு மூடியிருந்ததா என்பதை இனிமேல் யாரும் சொல்ல முடியாது. இயந்திரத்தை அன்றைக்கே திறந்து பார்த்திருந்தால் சொல்லியிருக்கலாம். அந்த இயந்திரம் பழைய இரும்பாகப் போய் எட்டு வருடம் ஆகிறது. தராசு திருப்பிக் கொடுத்தது ஒரு தாள். எடுத்துக்கொண்டதைத் திருப்பிக் கொடுக்க அவராலேயே முடியாது. அவள் குளியலறைக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதாள். அழுது முடித்தபோது கோபம் இரண்டு மடங்காகியிருந்தது.

காலையில் பதிவேட்டை எடுத்துக்கொண்டுதான் போனாள். கொடுத்த வாக்குத் தவறுகிறவள் இல்லை. வக்கீலம்மா பதிவைப் பார்த்தார். தராசு நிம்மதியாக மூச்சு விட்டு, “இப்ப தெரிஞ்சுதா மேடம்? நான் எடுக்கலை” என்றார்.

“ஒரு நிமிஷம் மேடம்” என்றாள் அக்கா. அடிப்பவள் பேசக்கூடாது என்பது வழக்கம். வக்கீலம்மா தலையசைத்தார். “ரெண்டாவது சாவி வெளியே இருந்துச்சு. வேற ஆளும் எடுத்திருக்கலாம். அவ்வளவுதான் இதுலேர்ந்து தெரியுது. சார் எடுக்கலைன்னு தெரியலை.”

வக்கீலம்மா பதிவை இன்னொரு தடவை படித்தார். பிறகு, “சரிதான்” என்றார். ‘குற்றம் நிரூபிக்கப்படவில்லை’ என்று தீர்ப்பு எழுதினார். ‘குற்றமற்றவர்’ என்று எழுதவில்லை. வேலை தப்பியது. ஆனால் அன்று மாலைக்குள் கேன்டீன் முழுக்க அந்தத் தீர்ப்பு போய்ச் சேர்ந்துவிட்டது. தராசு காபி வாங்கப் போனால் பேச்சு நின்றது. அலமாரிச் சாவியை, ஒன்றும் சொல்லாமல், வேறு அதிகாரியிடம் கொடுத்துவிட்டார்கள்.

வார முடிவில் தராசு அவள் மேசைக்கு முன்னால் வந்து நின்றார். முகம் வாடிப்போயிருந்தது. “எல்லாரும் ஒரு மாதிரி பாக்கறாங்கம்மா. நான் எடுக்கலைன்னு ஒரே ஒரு வரி. நீ சொன்னா வக்கீலம்மா கேப்பாங்க. நிஜமாவே நான் எடுக்கலைம்மா.”

“தெரியும் சார்” என்றாள்.

“அப்ப சொல்லேன்!”

“உங்களுக்காவது தெரியும் சார், எடுக்கலைன்னு. எங்க வீட்டுக்காரருக்கு அதுகூட இல்லாமப் பண்ணிட்டீங்க.”

அவள் அடுத்த தாளை எடுத்து அடிக்க ஆரம்பித்தாள்.