கசப்பு தெரியாத நாக்கு

சின்னம்மாவின் பெயரை இங்கே எழுத மாட்டேன். செத்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. எங்கள் ஆதிகுடி ஜனத்தில் அந்தப் பெயரை யாரும் வாயில் எடுப்பதில்லை.

சிறுநீரகம் கெட்டபின் எட்டு வருஷம் அவள் டார்வின் நகரத்தில் கிடந்தாள். வாரத்துக்கு மூன்று டயாலிசிஸ். அவளுடைய அண்ணன் இறந்தபோது சின்ன விமானத்தில் ஊர் வந்தாள். இரண்டு நாளில் திரும்ப வேண்டியவள், திரும்பவில்லை. அண்ணனின் அடக்கத்துக்கு சைக்கஸ் மரத்துக் கொட்டையில் சுட்ட ரொட்டி வேண்டும், அதற்குத் தங்கை வேண்டும்.

மணற்பாறைக் காட்டில் சைக்கஸ் அந்த வருஷம் நன்றாகக் காய்த்திருந்தது. பெண்கள் கொட்டையை உடைத்து, காயவைத்து, சாக்கில் கட்டி ஓடையில் போட்டார்கள். அதிலிருக்கும் விஷம் இறங்க ஐந்து நாள். இறங்கிவிட்டது என்று செத்தவனின் தங்கை நாக்கில் வைத்துச் சொல்லும்வரை வேறு யாரும் தொடக்கூடாது. அந்த ஐந்து நாளில் அவளுக்கு இரண்டு டயாலிசிஸ் தவறின. கால் வீங்கி, கரையிலேயே உட்கார்ந்திருந்தாள்.

சடங்கை நடத்தும் ரால்ஃப் அவளுக்கு மாமன் மகன் முறை; கேலி செய்யலாம், செய்தான். "அத்த மவளே, டார்வின் குழாத் தண்ணி குடிச்சவளுக்கு ஓடத் தண்ணி புடிக்கலயோ? ஆறாம் நாளு ஆச்சு."

அவள் ஒரு துண்டை நாக்கில் வைத்தாள். துப்பினாள். இன்னொன்று. பிறகு, நானும் அவளும் மட்டும் இருந்தபோது, ஒரு துண்டை என்னிடம் நீட்டினாள்.

"கசக்குதா பாரு மவளே."

"நான் தொடலாமா சின்னம்மா?"

"எனக்கு எல்லாமே இரும்பு மாதிரி இருக்கு. ரெண்டு வருஷமா அப்படித்தான். யாருகிட்டயும் சொல்லல."

வைத்துப் பார்த்தேன். லேசான புளிப்பு. அதற்கடியில் ஏதோ ஒன்று. கசப்பா, கொட்டையின் ருசியே அதுதானா? பத்து வயதில் விடுதிப் பள்ளிக்குப் போனவள் நான், பிறகு கல்லூரி. விஷம் எப்படி இருக்கும் என்று என் நாக்குக்குத் தெரியாது.

"தெரியல சின்னம்மா."

அவள் என்னைத் திட்டவில்லை. சாக்குகளை ஒவ்வொன்றாக அவிழ்த்து ஓடையில் கொட்டினாள். நானும் கொட்டினேன். கொட்டை கெட்டுப்போச்சு என்று ஊரிடம் சொன்னாள். போன வருஷம் காட்டுக்கு நேரங்கெட்டுத் தீ வைத்ததால்தான் கெட்டது என்று, வைத்தவர்களை ரால்ஃப் ஏசினான்.

கடை மாவில் ரொட்டி சுட்டு அடக்கத்தை முடித்தார்கள். அண்ணன் மனைவி டெல்மா அதைத் தொடவில்லை. "இதத் தின்னுட்டு அவரு எப்படிப் போவாரு? வீட்டுலயேதான் இருப்பாரு" என்றாள். செத்தவனின் ஆவி போக வீட்டைப் புகை போட்டுத் திறந்தும் அவள் உள்ளே போகவில்லை. இன்றுவரை தன் தங்கை வீட்டு வராந்தாவில்தான் படுக்கிறாள்.

சின்னம்மா டார்வின் திரும்பிய பின் டயாலிசிஸுக்குப் போவதை நிறுத்திவிட்டாள். கூட்டிப்போக வந்த வண்டியை மூன்று முறை திருப்பி அனுப்பினாளாம். போனில் கெஞ்சினேன்.

"அது எதுக்கு மவளே," என்றாள். பிறகு ஊரில் மழை வந்துவிட்டதா என்று கேட்டாள்.

கொட்டை நன்றாகத்தான் இருந்ததோ என்னவோ. டெல்மாவிடம் இதை நான் இன்னும் சொல்லவில்லை.