ஞானசுந்தரி எழுதிய கடைசி அத்தியாயம்

இரண்டாம் ஆண்டு மாணவிகளுக்குப் பாடம் நடத்திக்கொண்டிருந்தபோது அலுவலக உதவியாளர் வகுப்பு வாசலில் வந்து நின்றார். முதல்வர் கூப்பிடுவதாகச் சொன்னார். எதற்கென்று கேட்டேன். எதிரே பூட்டியிருந்த பொருளியல் துறை அறையைப் பார்த்தார். அதிலேயே பாதி புரிந்துவிட்டது. காலையில் ஞானசுந்தரி வீட்டுக்குப் பால் ஊற்ற வந்த பெண் கதவைத் தட்டிப் பார்த்துவிட்டு அக்கம்பக்கத்தாரை அழைத்திருக்கிறாள். தூக்கத்திலேயே உயிர் போயிருக்கிறது என்றாராம் மருத்துவர். பெரியகுளத்தில் அந்த வாடகை வீட்டில் அவரைத் தவிர வேறு யாரும் இருந்ததில்லை.

பேராசிரியை ஞானசுந்தரியைப் பலருக்கு அவர் தமிழில் எழுதிய இரண்டு பொருளியல் நூல்கள் வழியாகத்தான் தெரியும். கல்லூரிகளில் தமிழ்வழி வகுப்புகள் தொடங்கிய புதிதில் மாணவிகளுக்குப் படிக்கப் புத்தகம் இல்லை. யாராவது எழுதட்டும் என்று மற்றவர்கள் காத்திருந்தபோது அவர் எழுத உட்கார்ந்தார். தமிழ்த்துறையில் இருந்த நான் பிழை திருத்தினேன். என்னைத் 'தமிழம்மா' என்பார். நான் அவரை 'ஞானக்கா' என்பேன்.

முதல் நூலில் சராசரி வருமானத்தைப் பற்றி ஒரு பாடம் உண்டு. அதை அவர் வகுப்பில் நடத்தியபோது, வருசநாட்டிலிருந்து வந்த ஒரு பெண் எழுந்து, இந்தச் சராசரி வருமானம் வாங்குகிறவர் தன் ஊரில் ஒருவர்கூட இல்லையே என்றாளாம். எஸ்டேட் முதலாளிக்கு அது ஒரு நாள் செலவு, மற்றவர்களுக்கு எட்டாத தொகை. ஞானக்கா அன்று மாலையே அந்தப் பாடத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு, அந்தப் பெண்ணின் கேள்வியிலிருந்து புதிதாக எழுதினார். "வளர்ச்சின்னு எழுதுறப்ப யாருக்குன்னு சேத்து எழுதணும் தமிழம்மா. இல்லன்னா அது பாதி வாக்கியம்" என்றார். பின்னால் வந்த ஏற்றத்தாழ்வு அத்தியாயம் முழுவதும் அந்தப் பேச்சிலிருந்து வளர்ந்ததுதான்.

அவர் போடியில் ஏலக்காய் வியாபாரக் குடும்பத்தில் பிறந்தவர். பெற்றோர் போனபின் அண்ணன்தான் படிக்க வைத்தார். தங்கை புத்தகம் எழுதியதில் அண்ணனுக்கு அப்படி ஒரு பெருமை. எண்பதுகளின் தொடக்கத்தில் வியாபாரிகள் சங்க ஆண்டுவிழாவுக்கு அவர்தான் ஞானக்காவைப் பேச அழைத்தார். கார் அனுப்பினார். துணைக்கு நானும் போனேன்.

கூட்டத்துக்கு முன் அண்ணனிடம் அவர் தனியாகப் பேசியதை நான் கேட்டேன். மலையில் எல்லாரும் புதிதாக ஏலச்செடி வைத்திருக்கிறார்கள், கடலுக்கு அப்பால் வேறொரு நாட்டிலும் விளைகிறது, அரபு நாட்டுக்காரர்கள் அங்கே வாங்கப் போய்விடுவார்கள், கிட்டங்கியில் சரக்கை அடைத்து வைக்க வேண்டாம் என்றார். அண்ணன் சிரித்துக்கொண்டே, மேடையில் பேச வேண்டியதை மேடையில் பேசு பாப்பா என்று தோளைத் தட்டிவிட்டுப் போனார்.

மேடையில் ஞானக்கா பொதுவாகத்தான் பேசினார். முடித்தபோது பின்வரிசையிலிருந்து ஒரு பெரியவர் எழுந்தார். வியாபாரி இல்லை, மலையில் சிறிய தோட்டம் வைத்திருப்பவர். "எங்கிட்ட இருக்குறது ரெண்டு மூடைதான்மா. வச்சிருக்கவா, வித்துறவா?" என்று கேட்டார். முன்வரிசையில் அண்ணன் இருந்தார். ஞானக்கா ஒரு முறை அவரைப் பார்த்தார். பிறகு பின்வரிசையைப் பார்த்து, "வித்துருங்கய்யா. விலை இறங்கும்னுதான் நான் கணிக்கிறேன்" என்றார்.

அந்த மாதமே விலை சரியத் தொடங்கியது. சின்னத் தோட்டக்காரர்கள் பலர் அதற்குள் விற்றிருந்தார்கள். அண்ணனின் சரக்கு கிட்டங்கியில் தங்கிவிட்டது. பேராசிரியை பேசியதால்தான் எல்லாரும் விற்றார்கள், அதனால்தான் விலை விழுந்தது என்று போடி பஜாரில் பேச்சானது. அண்ணன் ஒரே ஒரு முறை கல்லூரிக்கு வந்தார். வராந்தாவில் நின்றபடியே, "நீ வாயத் தெறக்காம இருந்திருந்தா சரக்கத் தள்ளிவிட எனக்கு ரெண்டு மாசம் கெடச்சிருக்கும் பாப்பா" என்றார். திரும்பிப் போனவர் பிறகு வரவில்லை.

ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று நானும் ஒருநாள் கேட்டேன். "கேட்டவரு கிட்டங்கி வச்சிருக்கவரு இல்லையே" என்றார். ஆனால் தன் பேச்சால்தான் விலை விழுந்ததா என்ற கேள்வி அவரை விடவில்லை. இரண்டாம் நூலின் கடைசி அத்தியாயத்தை அதற்காகவே திரும்பத் திரும்ப எழுதினார். 'வருவதுரைத்தல்' என்று தலைப்பு வைக்கலாமே என்றேன். அவர் ஏற்கவில்லை. "உரைக்கிறது தீர்க்கதரிசி வேலை. கணிக்கிறவ தப்பலாம்" என்று சொல்லி 'முன்கணிப்பு' என்றே வைத்தார். சந்தையைப் பற்றிச் சொல்கிற சொல்லும் சந்தைக்குள் வந்துவிடுகிறது, அதன் எடையைச் சொன்னவரால் அளக்க முடியாது என்று அந்த அத்தியாயம் முடிகிறது. படித்த மாணவிகளுக்கு அது பாடம். எனக்கு அதில் போடி பஜார் தெரியும்.

கிறிஸ்துமஸுக்குப் போடி போவது நின்றது. எங்கள் வீட்டுக்கு வரச் சொன்னேன். "உங்களுக்கு அன்னைக்குச் சாதாரண நாளு. எனக்காகப் பண்டிகையாக்க வேணாம்" என்று மறுத்துவிட்டார். அன்று மாலை அவர் தெரு வழியே நான் போனபோது, கதவைத் திறந்து வைத்துவிட்டு விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தார். கதவை ஏன் திறந்து வைத்திருந்தார் என்று நான் கேட்கவில்லை.

சென்ற ஆண்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் அவர் வீட்டில் இருந்தபோது அண்ணன் வந்தார். மெலிந்திருந்தார். ஞானக்கா பதறி எழுந்து நாற்காலியைத் துடைத்துப் போட்டார். அண்ணன் காபி குடித்தார். மலையில் மழை பற்றிப் பேசினார். என்னிடம் ஊரெது என்று விசாரித்தார். பிறகு தம்ளரைப் பார்த்துக்கொண்டு, "இந்த வருசம் ஏலக்கா எப்படிப் போகும் பாப்பா?" என்று கேட்டார்.

"தெரியலண்ணே" என்றார் ஞானக்கா.

அண்ணன் கொஞ்ச நேரம் தலையாட்டிக்கொண்டிருந்தார். அப்புறம் பஸ்ஸுக்கு நேரமாயிற்று என்று எழுந்துவிட்டார். தெருமுனையில் அவர் திரும்பும்வரை நாங்கள் வாசலில் நின்றோம். உள்ளே வந்த பிறகு ஞானக்கா சொன்னார்: "நெசமாவே தெரியல தமிழம்மா. பொய்யா ஒண்ணு சொல்லியிருந்தா இன்னுங் கொஞ்ச நேரம் உக்காந்திருப்பாக."

அடக்கத்தன்று அண்ணன் எல்லாக் காரியங்களையும் முன்நின்று செய்தார். என்னிடம் வந்து, தங்கைக்குத் தன்மேல் கோபம் இருந்ததா என்று கேட்டார். ஆட்கள் சூழ்ந்திருந்தார்கள், என்னால் பேச முடியவில்லை. ஐயா, இதை நீங்கள் படிப்பீர்கள் என்று நம்பி எழுதுகிறேன். கோபம் இல்லை. நீங்கள் சீக்கிரம் கிளம்பிவிட்டீர்கள் என்ற வருத்தம்தான் இருந்தது.

பாடத்திட்டம் மாறிவிட்டதால் அவருடைய நூல்கள் இனி அச்சாவது கடினம். எனக்கென்று அவரிடமிருந்து மிஞ்சியது ஒரு சொல். நான் திருத்தும்போது அழகுக்காகச் சேர்த்த வாக்கியங்களின் ஓரத்தில் பென்சிலால் 'நெசமா?' என்று எழுதித் திருப்பித் தருவார். இந்தக் கட்டுரையையும் அப்படித்தான் படித்துப் பார்த்தேன். சில வாக்கியங்களை அடிக்க வேண்டியிருந்தது. அவர் தனிமையை விரும்பி ஏற்றுக்கொண்டார் என்று எழுதியிருந்தது அவற்றில் ஒன்று.